போர்வையில் எழுதிய கதைகள்

புத்தகத்தை முகத்தில் கவிழ்த்துக்கொண்டு உறங்கிப்போகிறவர்கள் நம்மில் அநேகம் பேர் உண்டு. என் நாவல்களையும் அந்தக் காரியத்துக்குப் பயன்படுத்துகிறவர்கள் இருப்பதாகக் கேள்வி. அதில் எனக்கு வருத்தமில்லை. ஆனால் போர்வையை விரித்து வைத்துக்கொண்டு, அதை முதல் வரியிலிருந்து கடைசி வரி வரைக்கும் வாசித்தவர்கள் யாரேனும் உண்டா?

அப்படி வாசிப்பதற்கென்றே போர்வைகள் செய்த ஓர் அம்மையார் அமெரிக்காவில் இருந்தார். பெயர் ஃபெய்த் ரிங்கோல்ட். 1930-ம் வருஷம் நியூயார்க் நகரத்து ஹார்லெம் பகுதியில் பிறந்தவர். 2024 ஏப்ரல் மாதத்தில், தொண்ணூற்று மூன்றாம் வயதில் காலமானார். ஓவியர், பள்ளிக்கூட ஆசிரியை, போராட்டக்காரர், குழந்தைகளுக்குக் கதை எழுதியவர் என்று பல முகங்கள் அவருக்கு உண்டு. நான் அவருடைய போர்வைகளைப் பற்றித்தான் முக்கியமாகப் பேசப் போகிறேன். காரணம், அந்தப் போர்வைகள் பிறந்த விதம் எழுத்துத் தொழில் செய்கிறவன் எவனுக்கும் கொஞ்சம் சுருக்கென்று தைக்கும்.

போர்வை என்றதும் நம் ஊர்க் கைத்தறிப் போர்வையையோ கம்பளியையோ நினைத்துக்கொள்ள வேண்டாம். அங்கே 'க்வில்ட்' என்று ஒன்று உண்டு. மூன்று அடுக்கு. மேலே பலவிதத் துண்டுத் துணிகளை இணைத்த முகம்; நடுவே பஞ்சு; அடியில் ஒரு சாதாரணத் துணி. மூன்றும் ஒன்றையொன்று விட்டு நழுவாமல் இருக்க, ஊசியை மேலும் கீழுமாக ஏற்றி இறக்கிப் போர்வை முழுவதும் தையல் ஓட்டிவிடுவார்கள். நம் வீடுகளிலும் பாட்டிமார் பழைய புடவைகளை நாலாக மடித்து ஓரம் அடித்துப் பச்சைக் குழந்தைக்கு விரிப்புத் தைப்பதுண்டு. வங்காளத்துப் பெண்கள் அதையே பூவும் கிளியுமாகத் தைத்துக் 'காந்தா' என்று பெயர் பெற வைத்துவிட்டார்கள். கந்தல் துணிக்குக் கிடைக்கிற மோட்சம் எல்லாத் தேசத்திலும் ஏறக்குறைய ஒரே மாதிரிதான் போலிருக்கிறது.

அமெரிக்காவில் இந்தத் தையலுக்கு ஒரு சமூக வழக்கமும் உண்டு. பெரிய மரச்சட்டத்தில் போர்வையைக் கட்டி, அதைச் சுற்றிலும் பெண்கள் கூடி உட்கார்ந்து தைப்பார்கள். கை தைத்துக்கொண்டிருக்கும், வாய் சும்மா இருக்குமா? ஊர்க்கதை, உறவுக்கதை, மாமியார் கதை எல்லாம் அந்தச் சட்டத்தைச் சுற்றித்தான் நடந்தன. ஆகவே போர்வைக்கும் கதைக்கும் உள்ள உறவு ரிங்கோல்ட் அம்மையார் புதிதாகக் கண்டுபிடித்ததல்ல. அவருக்கு முன்னால், எஜமானியின் கட்டிலுக்காகப் போர்வை தைத்த அடிமைப் பெண்களின் வரிசை ஒன்று இருக்கிறது. அடிமைகளுக்கு எழுத்துக் கற்றுக்கொடுப்பது குற்றம் என்று தெற்கு மாகாணங்கள் பலவற்றில் சட்டமே இருந்த காலம் அது. பேனாவைத் தொட விடாதவர்கள் ஊசியைத் தொட விட்டார்கள். ஊசியால் அவர்களுக்கு லாபம் இருந்தது.

அந்த வரிசையில் ஒரு பெண்மணியைப் பற்றிச் சொல்லாமல் மேலே போக எனக்கு மனம் வரவில்லை.

ஜார்ஜியா மாகாணத்தில் ஏதன்ஸ் என்ற ஊரின் அருகே, 1837-ம் வருஷம் அடிமையாகப் பிறந்தவர் ஹாரியட் பவர்ஸ். உள்நாட்டு யுத்தம் முடிந்து விடுதலை கிடைத்த பிறகு, கணவரோடு சிறிது நிலத்தை வைத்துக்கொண்டு ஜீவனம் செய்தார். 1886-ல் ஏதன்ஸில் நடந்த பருத்திக் கண்காட்சியில் தாம் தைத்த போர்வை ஒன்றை வைத்தார். பதினொரு கட்டங்கள். ஒவ்வொன்றிலும் விவிலியத்திலிருந்து ஒரு காட்சி: ஏதேன் தோட்டத்தில் ஆதாம் ஏவாள், தம்பியைக் கொல்லும் காயீன், யாக்கோபு கண்ட கனவு, முப்பது வெள்ளிக் காசுகளோடு யூதாஸ். துணியை மனிதனாகவும் மிருகமாகவும் நட்சத்திரமாகவும் வெட்டி, இன்னொரு துணியின் மேல் பதித்துத் தைத்திருந்தார்.

கண்காட்சிக்கு வந்த ஜென்னி ஸ்மித் என்ற வெள்ளைக்கார அம்மாள் அதைப் பார்த்துவிட்டுச் சொக்கிப் போனாள். அவள் அவ்வூரில் சித்திரம் கற்றுக்கொடுக்கிற ஆசிரியை. தைத்தவரைத் தேடிக் கண்டுபிடித்து விலை கேட்டாள். எந்த விலைக்கும் கொடுக்கிறதில்லை என்று பவர்ஸ் அம்மாள் சொல்லிவிட்டார். சில வருஷங்கள் கழித்துக் கையில் காசில்லாத காலம் வந்தது. போர்வையை ஒரு மாவுச் சாக்கில் சுற்றி, அதன்மேல் இன்னொரு கோணியையும் சுற்றி, மாட்டு வண்டியில் மடிமேல் வைத்துக்கொண்டு ஜென்னியின் வீட்டு வாசலில் வந்து இறங்கினார். கேட்டது பத்து டாலர். ஜென்னியிடம் இருந்தது ஐந்து. கணவரும் கொடுத்துவிடச் சொல்லவே, ஐந்துக்கே கொடுத்துவிட்டுப் போனார். போகுமுன் ஒவ்வொரு கட்டமும் இன்னது என்று விளக்கிச் சொன்னார். ஜென்னி எழுதி வைத்துக்கொண்டாள். அதற்குப் பிறகும் பவர்ஸ் அம்மாள் பல முறை அந்த வீட்டுக்கு வந்தார், தம் போர்வையைப் பார்த்துவிட்டுப் போவதற்காக.

விற்றுவிட்ட பசுவைப் பார்க்க அடுத்த ஊர்ச் சந்தை வரை நடந்து போனவர்களைப் பற்றி நம் கிராமங்களில் சொல்வார்கள். கேட்டால் தொண்டை அடைக்கும். இது பசுகூட அல்ல; தானே கற்பனை செய்து, தானே வெட்டி, தானே தைத்தது.

அவருடைய இன்னொரு போர்வை பதினைந்து கட்டங்கள் கொண்டது. இப்போது பாஸ்டன் நகரத்து நுண்கலை மியூஸியத்தில் இருக்கிறது. (முதல் போர்வை வாஷிங்டனில் ஸ்மித்ஸோனியன் வசம் சேர்ந்தது.) அந்த இரண்டாவது போர்வையில் விவிலியத்தோடு ஊர்ச் செய்திகளும் வருகின்றன. 1833-ம் வருஷம் நவம்பரில் வானத்திலிருந்து நட்சத்திரங்கள் மழையாகக் கொட்டிய இரவு ஒரு கட்டத்தில் இருக்கிறது. அது அவர் பிறப்பதற்கு நான்கு வருஷம் முந்தியது. பெரியவர்கள் சொல்லக் கேட்டிருக்க வேண்டும். ஜார்ஜியாவிலிருந்து வர்ஜீனியா வரைக்கும் 500 மைல் ஓடிய ஒரு பன்றியும் இருக்கிறது. பன்றியின் பெயர் பெட்ஸ். எஜமானிடமிருந்து தப்பி வடக்கே ஓடியவர்களின் கதைகளைக் கேட்டு வளர்ந்த ஒருத்தி, ஒரு பன்றியின் ஓட்டத்தைப் பெயரோடு ஞாபகம் வைத்துப் போர்வையில் தைத்தாள் என்றால், அவள் வெறும் பன்றியைத்தான் நினைத்தாளா என்று என் கதாசிரியப் புத்தி கேட்கிறது. பதில் சொல்ல அவர் இல்லை. படம் அவருடையது, ஆனால் அந்தப் படத்துக்கு உரிய வார்த்தைகள் மற்றவர்கள் எழுதி வைத்த குறிப்புகளாகத்தான் நமக்குக் கிடைக்கின்றன. அதுதான் இந்த ஐந்து டாலர் கதையில் என்னை உறுத்துகிற இடம்.

அவர் 1910-ல் காலமானார். இருபது வருஷம் கழித்து ஹார்லெமில் ரிங்கோல்ட் பிறந்தார். ஒருவருக்கொருவர் உறவில்லை. ஆனால் ரிங்கோல்டின் வீட்டிலும் அதே மாதிரி ஒரு பரம்பரை இருந்தது. அவருடைய பாட்டனாருக்கும் முந்திய தலைமுறையில் ஒருத்தி அடிமையாக இருந்து போர்வை தைத்தவள். அவருடைய தாயார் வில்லி போஸி சிறுமியாக இருந்தபோது, தம் பாட்டி மாவுச் சாக்குகளைக் கொதிக்க வைத்து வெளுத்துப் பால்போல் ஆக்கி, போர்வைக்கு அடித்துணியாகப் போடுவதைப் பக்கத்திலிருந்து பார்த்தவர். அந்தத் தாயார் பிற்பாடு ஹார்லெமில் பெயர்பெற்ற உடை வடிவமைப்பாளராக ஆனார்.

ஃபெய்துக்குச் சிறு வயதில் ஆஸ்த்மா. பள்ளிக்கூடத்துக்குப் போனதைவிட வீட்டில் படுத்திருந்த நாள் அதிகம். அம்மா தாமே பாடம் சொல்லிக் கொடுத்து, கையில் வர்ணக் குச்சிகளையும் துணித் துண்டுகளையும் கொடுத்துவிட்டு வேலையைக் கவனிப்பார். நோஞ்சான் குழந்தைகள் எப்படியோ கலைஞர்களாகிவிடுகிறார்கள். ஓடி விளையாடுகிறவர்களுக்கு அதற்கெல்லாம் நேரம் ஏது?

சித்திரம் படிக்க வேண்டும் என்று நியூயார்க் ஸிட்டி காலேஜுக்குப் போனார். கலைப் படிப்பில் பெண்களைச் சேர்த்துக்கொள்வதில்லை என்றார்கள். ஆசிரியப் பயிற்சிப் பிரிவில் பெண்கள் சேரலாம். ஆகவே சித்திர ஆசிரியை ஆவதற்கென்று சேர்ந்து சித்திரத்தைப் படித்துக்கொண்டார். நடுவில் கல்யாணம், ஒரே வருஷத்தில் இரண்டு பெண் குழந்தைகள், விவாகரத்து. 1955-ல் பட்டம் வாங்கி, 1973 வரைக்கும் நகரத்துப் பள்ளிக்கூடங்களில் வேலை பார்த்தார். 1962-ல் மறுபடி கல்யாணம் செய்துகொண்ட கணவரின் பெயர்தான் ரிங்கோல்ட்.

அறுபதுகளில் பெரிய பெரிய எண்ணெய் வர்ண ஓவியங்கள் தீட்டினார். கறுப்பர்களும் வெள்ளையர்களும் ஒருவரை ஒருவர் பார்க்கிற பார்வையில் இருந்த விஷத்தை அப்படியே எடுத்து வைத்த படங்கள். 1967-ல் தீட்டிய 'செத்துப்போ' என்ற படத்தில், நன்றாக உடுத்திய இரு நிறத்துப் பேர்களும் ரத்தக்களரியில் ஓடுகிறார்கள். நடுவே ஒரு கறுப்புச் சிறுமியும் ஒரு வெள்ளைச் சிறுவனும் கட்டிக்கொண்டு ஒடுங்கிக் கிடக்கிறார்கள். வரவேற்பு அறையில் மாட்ட யார் வாங்குவார்கள்? யாரும் வாங்கவில்லை. மியூஸியங்கள் கறுப்பர்களையும் பெண்களையும் ஒதுக்குவதை எதிர்த்து அவற்றின் வாசலில் நின்று கோஷம் போட்டார். 1970-ல் தேசியக் கொடியைப் பற்றிய ஒரு கண்காட்சி நடத்தியதற்காகக் கைதாகி அபராதமும் கட்டினார். இதெல்லாம் பெரிய வரலாறு. இங்கே இது போதும்.

போர்வைக்கு வருகிறேன். 1972-ல் அவர் ஐரோப்பாவுக்குப் போனபோது ஆம்ஸ்டர்டாம் நகரத்து ரைக்ஸ் மியூஸியத்தில் சில பழைய திபெத்திய ஓவியங்களைப் பார்த்தார். 'தாங்கா' என்பார்கள். துணியில் தீட்டிய புத்தர் படம். சுற்றிலும் மரச்சட்டம் கிடையாது, பட்டுத் துணியால் ஆன கரைதான். சுருட்டிக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு பிட்சுக்கள் மலை மலையாக ஏறி இறங்குவதற்காகச் செய்த ஏற்பாடு. ரிங்கோல்ட் அம்மையார் அதைப் பார்த்ததும் பிடித்துக்கொண்டார். நமக்குக் கலைஞர்களின் 'திருப்புமுனை' என்றால் ஏதோ ஜோதி தெரிந்தாற்போல எழுதிப் பழக்கம். அவர் சொன்ன காரணம் ரொம்ப நடைமுறையானது. சட்டம் அடித்த பெரிய ஓவியத்தை அடுக்கு மாடி வீட்டிலிருந்து கீழே இறக்க வேண்டுமானால், கணவர் வேலையிலிருந்து வரும்வரை காத்திருக்க வேண்டும். துணிக்கரை வைத்த ஓவியத்தைச் சுருட்டிப் பெட்டியில் போட்டால் தாமே தூக்கிக்கொண்டு போகலாம், எந்த ஊர்க் கல்லூரிக்கும் அனுப்பலாம். யாருடைய தயவும் வேண்டியதில்லை.

எனக்கு இந்தக் காரணம் பிடித்திருக்கிறது. பெண்கள் செய்த கலையில் பாதி, இடம் போதாமல், நேரம் போதாமல், தூக்கிவிட ஆள் இல்லாமல் இந்த உருவத்துக்கு வந்ததுதான். அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடுவில் மடியில் வைத்துச் செய்யக்கூடிய அளவுக்குள் அவர்கள் தங்கள் உலகத்தை மடித்து வைத்தார்கள்.

கரைகளைத் தைத்துக் கொடுத்தது தாயார். மகள் தீட்ட, தாய் தைக்க, சில வருஷங்கள் இப்படிப் போயின. 1980-ல் இருவரும் சேர்ந்து ஒரு முழுப் போர்வையே செய்தார்கள். 'ஹார்லெமின் எதிரொலிகள்' என்று பெயர். ஹார்லெம் மனிதர்களின் முப்பது முகங்கள், நடுநடுவே துணிக் கட்டங்கள். எழுத்து இல்லை, முகங்கள் மட்டும். மறு வருஷம் தாயார் இறந்துபோனார்.

இந்தச் சமயத்தில்தான் அம்மையார் தம் சுயசரிதையை எழுதிக்கொண்டிருந்தார். எழுதி முடித்ததைப் பதிப்பாளர்களிடம் கொண்டுபோனார். எவரும் ஏற்கவில்லை.

திரும்பி வந்த கையெழுத்துப் பிரதியின் கனம் எழுதியவனுக்குத்தான் தெரியும். போகும்போது இருந்ததைவிட இரண்டு மடங்கு கனத்தோடு அது திரும்பி வரும். என் பரண் மேலும் அப்படி ஒன்று, கட்டிய சணல்கூட அவிழாமல் கிடக்கிறது. அதை அனுப்பிவைத்த பிரசுரகர்த்தர் இரண்டு வரிக் கடிதம்தான் எழுதியிருந்தார். நான் செய்ததெல்லாம் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடாமல் இருந்து வீட்டில் உள்ளவர்களைச் சங்கடப்படுத்தியதுதான். ரிங்கோல்ட் அம்மையார் வேறொரு கணக்குப் போட்டார். 'என் ஓவியத்தைப் பற்றிப் பத்திரிகையிலோ கண்காட்சிப் புத்தகத்திலோ எழுதுகிறவர்கள் படத்தை அச்சடித்தே தீர வேண்டும். கதையைப் படத்தின் மேலேயே எழுதிவிட்டால்? படம் அச்சேறும்போது என் கதையும் தானாக அச்சேறிவிடும். பதிப்பாளர் யார் நடுவில்?' இதுதான் கணக்கு. நம் சங்கத்து எழுத்தாளர்கள் யாருக்காவது இத்தனை சாமர்த்தியம் உண்டா?

1983-ல் முதல் கதைப் போர்வை வந்தது. தலைப்பு: 'ஜெமைமா அத்தையைக் கண்டு யாருக்குப் பயம்?' எட்வர்ட் ஆல்பியின் பிரபலமான நாடகத் தலைப்பை வம்புக்கு இழுத்த தலைப்பு.

ஜெமைமா அத்தை யார் என்று சொல்ல வேண்டும். 1889-லிருந்து அமெரிக்காவில் விற்பனையான ஒரு தோசை மாவு. தோசை என்றால் அவர்களுடைய இனிப்புத் தோசை, 'பான்கேக்'. அதன் பெட்டியில் தலையில் துண்டு கட்டிய, பருத்த, சிரித்த முகமுள்ள ஒரு கறுப்புச் சமையற்காரியின் படம். 1893-ல் சிகாகோவில் நடந்த உலகக் கண்காட்சியில், அடிமையாகப் பிறந்த நான்ஸி க்ரீன் என்ற மாதை அந்த வேஷத்தில் நிறுத்தித் தோசை சுட வைத்து விற்றார்கள். வெள்ளைக்கார வீட்டுக்கு உழைப்பதில் பேரானந்தம் அடைகிற வேலைக்காரி என்ற அந்தப் பொம்மை நூறு வருஷத்துக்கு மேல் காலை உணவு மேஜையில் சிரித்துக்கொண்டிருந்தது. 2021-ல்தான் கம்பெனிக்காரர்கள் அந்தப் பெயரை மாற்றினார்கள்.

ரிங்கோல்ட் அந்த அத்தையைத் தோசை மாவுப் பெட்டியிலிருந்து வெளியே கூப்பிட்டு, 'உன் கதை என்ன, நீயே சொல்' என்று உட்கார வைத்தார். போர்வையின் கட்டங்களில் முகங்கள். இடையிடையே எழுத்துக் கட்டங்கள். பேசுகிற பாஷை தெற்கு மாகாணத்துக் கறுப்பர்களின் பேச்சுப் பாஷை. இந்த ஜெமைமா நியூ ஆர்லியன்ஸில் அடிமைத்தளை அறுத்த குடும்பத்தில் பிறந்தவள். பெற்றோர் சொல்லைத் தட்டி, பிடித்தவனைக் கல்யாணம் செய்துகொள்கிறாள். ஹார்லெமுக்கு வருகிறாள். ஹோட்டல் வைக்கிறாள். முதலாளியாகிறாள். பிள்ளைகள் ஆளுக்கொரு திக்கில் போகிறார்கள். கடைசியில் கணவனும் மனைவியும் ஒரு கார் விபத்தில் இறக்க, மகன் ஆப்பிரிக்க முறைப்படி அடக்கம் செய்கிறான்.

நாவலாசிரியன் என்ற முறையில் என் அபிப்பிராயத்தை மறைக்காமல் சொல்ல வேண்டுமானால், கதை அமைப்பில் சம்பவங்கள் ஒன்றன்மேல் ஒன்று விழுகின்றன. கல்யாணம், சொத்து, சச்சரவு, மரணம் எல்லாம் ஒரு போர்வைக்குள் அடைந்து மூச்சு முட்டுகிறது. தனியே அச்சடித்துக் கொடுத்தால் சுமாரான கதை என்றுதான் சொல்வேன். ஆனால் அதைத் தனியே அச்சடித்துப் படிப்பது, கச்சேரிக்குப் போய் ராகத்தைக் கேட்காமல் சாகித்யத்தை மட்டும் எழுதிக்கொண்டு வருவது போல. எழுத்துக் கட்டத்துக்குப் பக்கத்திலேயே அந்த மனிதர்கள் நல்ல உடுப்பு உடுத்து நேராக நம்மைப் பார்த்து நிற்கிறார்கள். ஊர்வம்பு பேசுகிற குரல், தையல் சட்டத்தைச் சுற்றி உட்கார்ந்த பெண்களின் குரல். அந்தக் குரலுக்கு ஏற்ற காகிதம் போர்வைதான்.

ஐந்து வருஷம் கழித்துச் செய்த 'தார்க் கடற்கரை'யில் இந்தக் குறையும் இல்லை. அவர் செய்ததில் சிறந்தது இதுவே என்பது என் தீர்மானம். ஆறடிக்கு மேல் உயரம். ஆறடிக்குச் சற்றுக் குறைந்த அகலம். நடுவில் கான்வாஸ் துணியில் அக்ரிலிக் வர்ணத்தில் ஓவியம். மேலும் கீழும் துணிப் பட்டைகளில் கையால் எழுதிய கதை. சுற்றிலும் பூப்போட்ட துணித் துண்டுகள் இணைத்த கரை. 1988-ல் செய்தது, இப்போது நியூயார்க்கில் குக்கன்ஹைம் மியூஸியத்துக்குச் சொந்தம்.

ஹார்லெமில் அடுக்கு வீடுகளின் மொட்டைமாடிக்குத் தார் பூசியிருப்பார்கள். கோடைக்காலத்தில் கடற்கரைக்குப் போக வசதியில்லாத ஏழை ஜனங்கள் அந்த மாடிக்குத்தான் போவார்கள். அதனால் அது தார்க் கடற்கரை. படத்தில் ஓர் இரவு. பெரியவர்கள் மேஜை போட்டுச் சீட்டாடுகிறார்கள். இன்னொரு மேஜையில் தின்பண்டங்கள். கொடியில் துணி காய்கிறது. ஓரமாக விரிப்பில் அக்காளும் தம்பியும் மல்லாந்து படுத்து வானத்தைப் பார்க்கிறார்கள். தூரத்தில் விளக்குமாலை போட்டதுபோல் ஜார்ஜ் வாஷிங்டன் பாலம். அந்தப் பாலத்தின் மேலே, வானத்தில், அதே அக்காள் பறந்துகொண்டிருக்கிறாள். நம் ஊரில் வைகாசி மாதத்துப் புழுக்கத்தில் மொட்டைமாடியில் பாய் விரித்துப் படுத்தவர்களுக்கு இந்தப் படத்தை நான் விளக்க வேண்டியதில்லை.

பெண்ணின் பெயர் காஸி. வயது எட்டு. பாலத்தின் மேல் பறந்துவிட்டால் பாலம் தன்னுடையதாகிவிடும் என்பது அவள் சித்தாந்தம். அந்தப் பாலத்தைக் கட்டின தொழிலாளிகளில் அவள் தகப்பனும் ஒருவன். ஆனால் தொழிற்சங்கத்தில் அவனைச் சேர்க்கவில்லை. காரணம், அவன் தகப்பன் சங்கத்தில் அங்கத்தினராக இல்லை. தாத்தாவை ஏன் சேர்க்கவில்லை என்றால் அவன் நிறம். எத்தனை அழகான வட்டம், பாருங்கள்! வேலை இல்லாத மாரிக்காலத்தில் அப்பா வேலை தேடிப் போய்த் திரும்பாமல் இருந்துவிட்டால் அம்மா அழுகிறாள். ஆகவே காஸி சங்கக் கட்டிடத்தின் மேல் பறந்து அதை அப்பாவுக்குக் கொடுத்துவிடப் போகிறாள். ஐஸ்கிரீம் தொழிற்சாலையின் மேல் பறந்து அதையும் எடுத்துக்கொள்ளப் போகிறாள், தினமும் இரவு சாப்பாட்டுக்குப் பின் எல்லோருக்கும் ஐஸ்கிரீம் கிடைப்பதற்காக.

பறத்தல் என்பதும் அந்த ஜனங்களுக்குப் பழைய கதை. வயலில் வேலை செய்துகொண்டிருந்த அடிமைகள் திடீரென்று மண்ணை உதறி எழும்பி ஆப்பிரிக்காவுக்கே பறந்துபோய்விட்டதாகப் பாட்டிமார் சொல்வார்கள். அந்தக் கதையை எட்டு வயதுக் குழந்தையின் ஐஸ்கிரீம் ஆசையோடு முடிச்சுப் போட்டிருக்கிறார், பாருங்கள், அங்கேதான் அவர் எழுத்தாளர். சங்கத்தைப் பற்றி ஒரு கண்டனம் இல்லை. கண்ணீர் இல்லை. துணிப்பட்டையில் இடம் அவ்வளவுதான்; அதற்குமேல் எழுத முடியாது. காகிதம் மலிந்துபோன நம் போன்றவர்களுக்கு யாராவது எழுதும் இடத்தை இப்படி அளந்து கொடுத்தால் நல்லது.

வேடிக்கை என்னவென்றால், இந்தப் போர்வையைப் பார்த்த பதிப்பகத்தார் இதைக் குழந்தைப் புத்தகமாகப் போட முன்வந்தார்கள். 1991-ல் புத்தகம் வந்தது. மறு வருஷம் கால்டெகாட் கௌரவப் பரிசும் கிடைத்தது. பதிப்பாளர்கள் வேண்டாம் என்றதால் போர்வைக்குப் போன கதை, போர்வையிலிருந்து பதிப்பாளர்களிடம் திரும்பி வந்தது. பரண் மேல் போட்டிருந்த சுயசரிதையும் 1995-ல் அச்சாயிற்று. அதன் தலைப்பே, பாலத்தின் மேல் நாங்கள் பறந்தோம் என்ற பொருளில் அமைந்தது.

அதே 1991-ல் 'பிரெஞ்சுத் தொகுதி' என்று ஒரு வரிசையைத் தொடங்கினார். பதினாறு வயதில் பாரிஸுக்குப் போய் ஓவியராகும் வில்லியா மேரி என்ற கறுப்புப் பெண்ணின் கற்பனைச் சரித்திரம் அது, பன்னிரண்டு போர்வைகளில். ஒரு போர்வையில் ஆர்ல் நகரத்துச் சூரியகாந்தி வயலில் எட்டுக் கறுப்பின மாதரசிகள் கூடி உட்கார்ந்து சூரியகாந்திப் போர்வை தைக்கிறார்கள். அடிமைகளை இரவோடிரவாக வடக்கே கடத்திச் சென்ற ஹாரியட் டப்மன், பஸ்ஸில் இடத்தை விட்டு எழுந்திருக்க மறுத்த ரோஸா பார்க்ஸ் எல்லோரும் அதில் இருக்கிறார்கள். பக்கத்தில் வான்கோ கையில் பூச்சாடியோடு ஒதுங்கி நிற்கிறார், கல்யாண வீட்டில் யாரும் கவனிக்காத தூரத்து உறவினர் போல. இன்னொன்றில் வில்லியா மேரி பிகாஸோவின் சித்திரசாலையில் அவருக்கு மாடலாக உட்கார்ந்திருக்கிறாள். பின்னால் அவருடைய புகழ்பெற்ற 'அவிஞ்ஞோன் மங்கையர்'. ஆப்பிரிக்க முகமூடிகளைப் பார்த்துப் பிகாஸோ அந்த முகங்களைத் தீட்டினார் என்பார்கள். அந்த முகமூடிகளின் பேத்தி அவர் எதிரிலேயே உட்கார்ந்து அவரைக் கவனிக்கிறாள். இது நடந்து இருபத்தெட்டு வருஷம் கழித்து, 2019-ல் நியூயார்க் நவீன ஓவிய மியூஸியத்தைப் புதுப்பித்துத் திறந்தபோது, 1967-ல் யாரும் வாங்காத அந்தச் 'செத்துப்போ' ஓவியத்தை அதே 'அவிஞ்ஞோன் மங்கைய'ருக்குப் பக்கத்தில் மாட்டினார்கள்.

இத்தனைக்குப் பிறகும் போர்வை போர்வைதானே, அலங்காரப் பொருள்தானே என்கிற எண்ணம் லேசில் போகவில்லை. ஒரு வழக்கைச் சொல்கிறேன். 1988-ல் அவர் 'மாதாகோவில் வனபோஜனம்' என்று ஒரு கதைப் போர்வை செய்திருந்தார். 1909-ல் அட்லாண்டாவில் ஒரு மாதாகோவில் ஜனங்கள் மரத்தடியில் விருந்து சாப்பிடும் காட்சி. மேலும் கீழுமாக எழுத்துப் பட்டைகள். அதை வைத்திருந்த மியூஸியம் அதன் போஸ்டரை அச்சடித்து விற்றது. ஒரு டெலிவிஷன் தொடரில், மாதாகோவில் கூடம் என்று போட்ட செட்டின் சுவரில் அந்தப் போஸ்டரை மாட்டிவிட்டார்கள். ஒன்பது தடவை தலைகாட்டுகிறது. எல்லாம் சேர்த்து 26.75 விநாடி. அம்மையாரிடம் யாரும் அனுமதி கேட்கவில்லை. அவர் வழக்குப் போட்டார். கீழ்க்கோர்ட்டு தள்ளிவிட்டது. 1997-ல் அப்பீல் கோர்ட்டு அந்தத் தீர்ப்பை ரத்து செய்து, மறுபடி விசாரிக்கும்படி அனுப்பியது. சுவர் அலங்காரத்துக்காக மாட்டினாலும் அது ஒருவருடைய சிருஷ்டி. அலங்காரத்துக்குப் பயன்படுத்தினால் அதற்கும் விலை உண்டு என்பது நீதிபதிகளின் கருத்து. 26 விநாடிக்கு இத்தனை ரகளையா என்று சிலருக்குத் தோன்றும். மாவுச் சாக்கில் சுற்றி வந்த போர்வை ஐந்து டாலருக்குப் போனதை நினைத்துப் பார்த்தால், எனக்கு அப்படித் தோன்றவில்லை.

நான் இந்தப் போர்வைகளை நேரில் கண்டவன் அல்ல. அச்சுப் படங்களில் பார்த்ததுதான். நேரில் பார்க்கப் போகிறவர்களுக்கும் எப்போதும் கிடைக்கும் என்று சொல்ல முடியாது. துணிக்கு வெளிச்சம் ஆகாது; சாயம் வெளுக்கும், இழை நொறுங்கும். அதனால் மியூஸியக்காரர்கள் துணிச் சித்திரங்களைச் சில மாதங்கள் மாட்டிவிட்டு, பிறகு இருட்டறையில் ஓய்வுக்கு அனுப்பிவிடுவார்கள். போர்வை தூங்குகிறது, அதன் கீழே தூங்க யாரும் இல்லை.

புத்தகம் அப்படி அல்ல. 'தார்க் கடற்கரை'யின் பிரதி ஒன்று நண்பர் ஒருவர் மூலம் என் கைக்கு வந்தது. பக்கங்களின் அடியில், படத்துக்குக் கீழே, பழைய போர்வையின் கரையை அப்படியே அச்சடித்திருக்கிறார்கள்: பூப்போட்ட சதுரத் துண்டுகள், ஒன்றையொன்று ஒட்டி. என் மகளுக்குக் கதையைத் தமிழில் சொல்லிக்கொண்டு போனேன். காஸி பறக்கிற பக்கத்தில் அவள் மேலே பார்க்கவில்லை. அந்தக் கரையின் மேல் விரலை வைத்து, ஒவ்வொரு துண்டாகத் தடவிக்கொண்டே, 'இது யாரோட பாவாடை? இது யாரோட பாவாடை?' என்று கேட்டுக்கொண்டிருந்தாள்.